கேமரா கோணம் ஒருவருடைய முடிவு மட்டும்தானா? திரைப்படக் கூட்டுழைப்பு: கேள்வி பதில்

கேள்வி: என் முதல் குறும்படத்தின் எல்லா ஷாட்டுகளையும் நானே வரைந்து வைத்திருக்கிறேன். தமக்கு வேலையே இல்லை என்று ஒளிப்பதிவாளர் வருந்துகிறார். என்ன செய்யலாம், ஐயா?

பதில்: வரைந்து வைத்ததில் குறையில்லை, அதை மாற்ற முடியாத உத்தரவாக அவரிடம் நீட்டுவதுதான் சிக்கல். லென்ஸையும் கேமரா நிற்கும் இடத்தையும் சொல்வதற்கு முன், ‘மகன் பொய் சொல்கிறான் என்பது தாய்க்குத் தெரியும் முன்பே பார்ப்பவருக்குத் தெரிந்துவிட வேண்டும்’ என்று காட்சியின் தேவையைச் சொல்லிப் பாருங்கள். முகத்தை விட்டுவிட்டு, முதுகுக்குப் பின்னால் பிசைந்துகொள்ளும் அவன் விரல்களைக் காட்டலாமே என்று அவர் கேட்கக்கூடும்.

இதில் ஒளிப்பதிவாளரை மட்டும் அழைத்துப் பேசினாலும் போதாது. 1941இல் வெளியான ‘சிட்டிசன் கேன்’ படத்தில் கேமராவைத் தாழ்வாக வைத்து அண்ணாந்து பார்க்கும் கோணங்கள் பல உண்டு. அப்படி வைத்தால் கூரை தெரியும். ஆனால் விளக்குகளைத் தொங்கவிடுவதற்காக செட்டுகளைப் பெரும்பாலும் கூரையில்லாமல்தான் அமைப்பார்கள். அந்தப் படத்தில் மெல்லிய துணியால் கூரை கட்டி, ஒலி அதனூடே கடந்து வரும் என்பதால் மைக்குகளை அதற்கு மேலே மறைத்து வைத்தார்கள். ஒரு கோணம், கலை இயக்குநர், ஒலிப்பதிவாளர் இருவருடைய வேலையையும் மாற்றிவிட்டது. இயக்குநர் ஆர்சன் வெல்ஸ், தம் பெயர் வரும் அதே டைட்டில் அட்டையில் ஒளிப்பதிவாளர் கிரெக் டோலண்டின் பெயரையும் போட்டது வெறும் மரியாதைக்காக அல்ல என்றே நான் கருதுகிறேன்.

கேள்வி: இசையமைப்பாளரை எப்போது அழைப்பது?

பதில்: முடிந்தால் படப்பிடிப்புக்கு முன்பே. செர்ஜியோ லியோனி 1968இல் வெளியான தம் படமொன்றுக்கு என்னியோ மோரிக்கோனியிடம் முன்கூட்டியே இசை வாங்கி, படப்பிடிப்புத் தளத்தில் அதை ஒலிக்கவிட்டு நடிகர்களை நடக்கவைத்தார். அதே ஆண்டு வெளியான ‘2001: எ ஸ்பேஸ் ஒடிஸி’யிலோ, தற்காலிகமாகச் சேர்த்திருந்த பழைய இசைத்தட்டுகளோடு இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக் ஒன்றிவிட்டதால், அலெக்ஸ் நார்த் அமைத்துக் கொடுத்த இசை படத்தில் இடம்பெறவே இல்லை. உங்கள் ரஃப் கட்டிலும் (முதற்கட்டத் தொகுப்பிலும்) தற்காலிக இசை இருந்தால், இசையமைப்பாளருக்கு அது இல்லாத பிரதியையே முதலில் போட்டுக் காட்டுங்கள்.

கேள்வி: ஒரு காட்சியை நீக்கச் சொல்கிறார் எடிட்டர், எனக்கு மனம் வரவில்லை. யார் சொல்வதைக் கேட்பது?

பதில்: இறுதி முடிவு யாருடையது என்பது ஒப்பந்தத்தில் இருக்கும். அதற்கு முன், அந்தக் காட்சி இல்லாத பிரதியை முதலிலிருந்து முடிவு வரை, கதை தெரியாத ஒருவருடன் அமர்ந்து பாருங்கள். அந்தக் காட்சிக்காக நீங்கள் பட்ட பாடு எடிட்டருக்குத் தெரியாது. அவருடைய பார்வைக்கு மதிப்பே அதனால்தான்.

கேள்வி: யோசனை சொன்ன எல்லோருக்கும் டைட்டிலில் பெயர் போட வேண்டுமா?

பதில்: வேண்டியதில்லை. ஆனால் ஒருவர் வசனத்தைத் திருத்தி எழுதியிருந்தால் அது யோசனையல்ல, வேலை. யாருடைய பெயர் எந்த வேலைக்காக வரும் என்பதைப் படப்பிடிப்பு தொடங்கும் முன்பே எழுதி, இருதரப்பும் கையெழுத்திட்டு வைத்துக்கொள்ளுங்கள்.