சினைப்பை நீர்க்கட்டி: சிஸ்டரிடம் கேளுங்கள்

வடசென்னைப் பெண்களின் கேள்விகளுக்கு, மகளிர் நோய் வார்டில் பல வருடம் வேலை பார்த்த நர்ஸ் ஒருவரின் பதில்கள்.

சிஸ்டர், எனக்கு 27 வயசு. ஸ்கேன்ல வலது பக்கம் 4 செ.மீ. சிம்பிள் சிஸ்ட்னு வந்திருக்கு. ஆபரேஷன் பண்ணணுமா? (காசிமேடு)

பெரும்பாலும் தேவைப்படாதும்மா. மாதாமாதம் முட்டை வளரும் நீர்ப்பை சில சமயம் வெடிக்காமல் பெரிதாகிவிடும். இரண்டு மூன்று மாதவிலக்குக்குள் தானாகவே வற்றிவிடும். மாதவிலக்கு வரும் வயதில், உள்ளே வெறும் நீர் மட்டும் உள்ள 5 செ.மீ.க்குட்பட்ட கட்டிக்குப் பயப்பட வேண்டாம். கருத்தடை மாத்திரை இருக்கும் கட்டியைக் கரைக்காது, புதிதாக வருவதைத்தான் குறைக்கும்.

பிசிஓடியும் இதுவும் ஒண்ணா? (வியாசர்பாடி)

இல்லை. அது ஹார்மோன் கோளாறு. அதில் தெரிபவை முழுதாக வளராத சின்னச் சின்ன முட்டைப்பைகள். அவற்றை ஆபரேஷன் செய்து எடுப்பதில்லை.

தங்கச்சிக்கு 7 செ.மீ. டெர்மாய்டு. ஆபரேஷனுக்குத் தேதி குடுத்திருக்காங்க. அதுவரைக்கும் என்ன பாத்துக்கணும்? (தண்டையார்பேட்டை)

நல்ல கேள்வி. டெர்மாய்டுக்குள் கொழுப்பு, முடி, சில நேரம் பல்கூட இருக்கும். தானாகக் கரையாது. அந்தக் கனத்தில் சினைப்பை முறுக்கிக்கொண்டால் ரத்த ஓட்டம் நின்றுவிடும். திடீரென்று ஒரு பக்கம் தாங்க முடியாத வலி, கூடவே வாந்தி வந்தால் அதுவாக இருக்கலாம். வாயுப் பிடிப்பு என்று பெருங்காயத் தண்ணீர் கொடுத்து விடியும்வரை காத்திருக்காதீர்கள். வலி விட்டு விட்டு வந்தாலும் சரி, நடுராத்திரி ஆனாலும் சரி, ஸ்கேன் ரிப்போர்ட்டோடு ஸ்டான்லி அரசு ஆஸ்பத்திரிக்கோ ராயபுரம் ஆர்.எஸ்.ஆர்.எம். மகப்பேறு ஆஸ்பத்திரிக்கோ கிளம்புங்கள். வண்டி இல்லையென்றால் 108. சில மணி நேரத்துக்குள் முறுக்கை எடுத்துவிட்டால் சினைப்பையைக் காப்பாற்ற வாய்ப்பு அதிகம். கருத்துப்போன சினைப்பைகூடப் பல நேரம் தேறிவிடும்.

அம்மாவுக்கு 58. பீரியட்ஸ் நின்னு பல வருஷம் ஆச்சு. இப்ப 3 செ.மீ. கட்டி. சிஏ-125 நார்மல். விட்டுடலாமா? (திருவொற்றியூர்)

விடாதீர்கள். இந்த வயதிலும் சின்ன நீர்க்கட்டி பெரும்பாலும் சாதுவானதுதான், ஆனால் டாக்டர் சொல்லும் இடைவெளியில் ஸ்கேன் பார்த்தே ஆகணும். சிஏ-125 என்ற அந்த ரத்தப் பரிசோதனையை மட்டும் நம்ப முடியாது. தொடக்கநிலைப் புற்றுநோயிலும் நார்மலாக இருக்கலாம், புற்றுநோய் அல்லாத எண்டோமெட்ரியோசிஸில் (கருப்பையின் உள்சவ்வு போன்ற திசு வெளியே வளர்வது) கூடியும் இருக்கலாம். அம்மாவுக்கு வயிறு உப்புசம், கொஞ்சம் சாப்பிட்டதுமே வயிறு நிறைவது, அடிக்கடி சிறுநீர் என்று தொடர்ந்து இருந்தால் சீக்கிரமே காட்டுங்கள்.

கட்டியை எடுத்தா குழந்தை பிறக்காதா சிஸ்டர்? (கொருக்குப்பேட்டை)

பிறக்கும்மா. பல நேரம் லேப்ராஸ்கோப்பியில், அதாவது சின்னத் துளை வழியாகச் செய்யும் ஆபரேஷனில், கட்டியை மட்டும் உரித்தெடுத்துவிடலாம். ஒரு பக்கச் சினைப்பையையே எடுக்க நேர்ந்தாலும் மறு பக்கம் நன்றாக இருந்தால் கரு தரிக்கலாம். எண்டோமெட்ரியோசிஸால் பழைய ரத்தம் தேங்கி வரும் சாக்லேட் சிஸ்ட் என்றால் மட்டும், உரிக்கும்போது முட்டைகளின் இருப்பு குறையலாம். குழந்தை வேண்டும் என்பதைக் கையெழுத்துப் போடும் முன்பே டாக்டரிடம் சொல்லிவிடுங்கள்.