சட்ட மேடை: சபைக் காணியில் முள்ளுக்கம்பி

கேள்வி: எங்கள் தெருப் பிள்ளைகள் எல்லே விளையாடும் சபைக் காணியை ஓர் அறக்கட்டளைக்கு 30 வருடக் குத்தகைக்குக் கொடுத்திருப்பதை, முள்ளுக்கம்பி அடித்த பிறகே அறிந்தோம். எங்களுக்கு உறுதி இல்லாத காணிக்காக நாங்கள் வழக்குத் தொடுக்க முடியுமா?
– வாசகர், உப்புவெளி, திருகோணமலை

பதில்: முடியும். பொதுக்காணியை அதிகாரத்தில் இருப்பவர்கள் மக்களுக்காகப் பொறுப்பேற்று வைத்திருக்கிறார்களேயன்றித் தம் முதுசம் போல எண்ணியவருக்கு எடுத்துக் கொடுக்க இயலாது என்பதை, பொதுத் தேவைக்கென எடுத்த காணி தனியாருக்குக் கொடுக்கப்பட்ட பத்தரமுல்லை வாட்டர்ஸ் எட்ஜ் வழக்கில் 2008இல் உயர் நீதிமன்றம் தெளிவாக்கி, முன்னாள் ஜனாதிபதி சந்திரிகா குமாரதுங்க 30 இலட்சம் ரூபா செலுத்த வேண்டும் என்றும் உத்தரவிட்டது. அந்த மனுவும் பொதுநலன் கருதியே தாக்கல் செய்யப்பட்டது. பெறுபவர் தருமம் செய்பவர் என்பதால் மட்டும் முறையற்ற குத்தகை முறையானதாகிவிடாது. அறக்கட்டளையின் பெயர்ப்பலகையைவிடச் சபையின் கூட்டக் குறிப்பையே நான் முதலில் பார்ப்பேன்.

உங்கள் விடயத்தில் என்னை உறுத்துவது காலக்கெடுவே. அரசியலமைப்பின் 126ஆவது உறுப்புரையின் கீழான அடிப்படை உரிமை மனுவை ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். சபைத் தீர்மானத்தை இரத்துச் செய்ய எழுத்தாணை (அரச அமைப்புகளுக்கு நீதிமன்றம் இடும் கட்டளை) கோரும் வழியும் உண்டு. அங்கும் தாமதம் கேள்விக்குள்ளாகும். தீர்மானம், குத்தகை உடன்படிக்கை ஆகியவற்றின் பிரதிகளை 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் இன்றே கேளுங்கள். அதற்கான முடிவைத் தெரிவிக்க 14 வேலை நாட்கள் உள்ளன என்பதால், அதுவரை காத்திராமல், வேலி அடித்த திகதியைக் காட்டும் படத்துடன் சட்டத்தரணி ஒருவரைச் சந்தியுங்கள்.