கச்சேரிப் பயணங்களைப் பற்றிய ஆவணப்படங்களில் உங்கள் மனதைவிட்டுப் போகாதது எது?

யோசிக்கவே வேண்டாம், ‘டோன்ட் லுக் பேக்’தான். 1965-ல் அமெரிக்கப் பாடகர் பாப் டிலன் கச்சேரி செய்ய இங்கிலாந்து போனபோது, இயக்குநர் டி. ஏ. பென்னிபேக்கர் கேமராவோடு கூடவே சுற்றி எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். திரைக்கு வந்தது 1967-ல். அந்தப் பயணத்தின்போது டிலனுக்கு 24 வயதுகூட நிறையவில்லை.

பாட்டுக் கேட்கலாம் என்று உட்கார்ந்தால் ஏமாந்துபோவீர்கள். மேடையில் ஒரு பாட்டு தொடங்கும், முடிவதற்குள் படம் காருக்கோ ஓட்டல் அறைக்கோ தாவிவிடும். பின்னணிக் குரல் கிடையாது. தோளில் சுமக்கிற 16 மி.மீ. கேமராவும், அதோடு இணைந்து ஓடும் ஒலிப்பதிவுக் கருவியும் சில வருடங்களுக்கு முன்புதான் புழக்கத்துக்கு வந்திருந்தன. அதனால்தான் நெருக்கியடித்துக்கொண்டு போகிற காருக்குள்கூட பென்னிபேக்கரால் படம் பிடிக்க முடிந்தது.

நான் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்ப்பது ஓர் ஓட்டல் அறைக் காட்சியை. நாட்டுப்புறப் பாடகி ஜோன் பயஸ் கிடாரோடு உட்கார்ந்து பாடிக்கொண்டிருக்கிறார். என்ன குரல் அது! அதே அறையில் டிலன் டைப்ரைட்டரில் தட்டிக்கொண்டே இருக்கிறார். இரண்டு வருடம் முன்பு தன் கச்சேரிகளுக்கு டிலனைக் கூப்பிட்டுக் கூட்டத்துக்கு அறிமுகப்படுத்தியவர் பயஸ். இந்தப் பயணத்தில் டிலன் அவரை ஒரு மேடைக்கும் அழைக்கவில்லை. படம் அதைப் பற்றி வாயே திறப்பதில்லை. பாட்டும் டைப்ரைட்டர் சத்தமும் மட்டும்தான் கேட்கின்றன. எனக்கு அங்கே தொண்டை அடைத்துவிடும்.

டிலனின் மேனேஜர் ஆல்பர்ட் கிராஸ்மன் இரண்டு டிவி நிறுவனங்களை மோதவிட்டுப் போனிலேயே விலையை ஏற்றுகிற இடமும் அருமை.

முதல் தடவை பார்த்தபோது டிலன்மேல் எனக்குக் கோபம்தான் வந்தது. டைம் பத்திரிகை நிருபரிடம் அப்படிக் கடுகடுக்கிறார். அப்புறம் இன்னொரு தடவை பார்த்தபோதுதான் அந்தப் பையனின் களைப்பு கண்ணில் பட்டது. ஊர் ஊராக அதே கேள்விகள், ராத்திரிக்கு ராத்திரி தனியாக நின்று அதே கிடார், அதே ஹார்மோனிகா. ரசிகைகள் சிலர் பார்க்க வருகிறார்கள். இசைக்குழுவோடு பாடிய புதுப்பாட்டு பிடிக்கவில்லை, அது உங்கள் பாட்டு மாதிரியே இல்லை என்கிறார்கள். என் நண்பர்கள்தான் வாசிக்கிறார்கள், அவர்களுக்கும் வேலை கொடுக்க வேண்டாமா என்கிற மாதிரி ஏதோ சொல்லி டிலன் சமாளிக்கிறார். அதே வருடம் ஜூலை 25 அன்று அமெரிக்காவின் நியூபோர்ட் நாட்டுப்புற இசை விழாவில் எலெக்ட்ரிக் கிடாரோடு ஏறினார், கூட்டத்தில் ஒரு பகுதி கூச்சல் போட்டது. அந்த மாற்றம் அவருக்குள் முன்பே நடந்துவிட்டது. படத்தில் அந்த முகத்தைப் பார்த்தாலே தெரியும்.

பார்க்கப் போகிறீர்களா? சப்டைட்டில் போட்டுக்கொள்ளுங்கள். எல்லோரும் முணுமுணுக்கிறார்கள், நல்ல பேச்செல்லாம் அதில்தான் இருக்கிறது.