படலையடிக் கேள்விகள்: ரெக்சாஸில் துவக்கு, வவுனியாவில் பன்றி

இந்த மாதக் கடிதக்கட்டில் வழக்கமான வேலிச் சண்டையும் சீதனக் காணியும் குறைவு. நாலு கடிதம் துவக்கைப் பற்றி. முப்பது வருடத்துக்கு மேலாக யாழ்ப்பாணத்தில் சட்டத்தரணியாக இருந்திருக்கிறேன். ஒரே மாதத்தில் நாலு பேர் இதைக் கேட்டது இதுதான் முதல் தடவை.

கேள்வி: அக்கா, மகன் ரெக்சாஸில் மேற்படிப்புப் படிக்கிறான். மாணவர் விசாவில்தான் போனவன். போன கிழமை வட்ஸ்அப்பில் ஒரு படம் அனுப்பினான். அவனோடு அறையில் இருக்கிற அமெரிக்கப் பெடியன் இடுப்பில் துவக்கோடு சாமான் கடையில் பால் எடுத்துக்கொண்டு நிற்கிறான். "இங்க இதெல்லாம் சட்டப்படி சரி அம்மா" என்கிறான். வாற சனிக்கிழமை தன்னையும் சுட்டுப் பழகுகிற இடத்துக்குக் கூட்டிக்கொண்டு போகப்போகிறானாம். எனக்கு நித்திரை வரவில்லை. உண்மையிலேயே சரியா?
— ஒரு தாய், கோண்டாவில்

பதில்: அந்தப் பெடியனுக்குச் சரி, அம்மா. உங்கள் மகனுக்குச் சரியில்லை. சனிக்கிழமைக்கு முன் இந்தப் பதில் உங்கள் கையில் கிடைக்காது என்பதால் ஆசிரியரிடம் சொல்லி உங்களுக்குத் தொலைபேசியிலும் சொல்லிவிட்டேன். மற்றத் தாய்மாருக்காக இங்கே விரிவாக எழுதுகிறேன்.

முதலில் நண்பனின் கதை. ரெக்சாஸ் என்றவுடன் நமக்குக் குதிரையும் தொப்பியும் இடுப்பில் துவக்கும்தான் ஞாபகம் வரும். ஆனால் 1871 இலிருந்து அங்கே கைத்துவக்கைச் சந்தியில் கொண்டுதிரியத் தடை இருந்தது. நீளத் துவக்குக்குத்தான் அந்தக் கட்டுப்பாடு இல்லை. 2016 ஜனவரி 1 இலிருந்து லைசன் உள்ளவர்கள் கைத்துவக்கை வெளியில் தெரியக் கட்டலாம் என்று விட்டார்கள். 2021 செப்ரெம்பர் 1 இலிருந்து அந்த லைசனும் தேவையில்லை. சட்டத்தில் எழுதியிருப்பது 21 வயது. வெளியில் தெரிகிற கைத்துவக்கு உறைக்குள் இருக்கவேண்டும். பாரிய குற்றத்துக்குத் தண்டனை பெற்றவர் போன்ற சிலருக்கு இந்தச் சலுகை இல்லை. உறையிலிருந்து எடுத்து ஆட்களைப் பயமுறுத்துகிற மாதிரிக் காட்டினால் அது தனிக் குற்றம்.

2019 இல் தம்பி வீட்டுக்கு ஹூஸ்ரன் போயிருந்தேன். சாப்பாட்டுக் கடை ஒன்றின் வாசலில் பெரிய சிவப்பு எழுத்தில் 51% என்று ஒரு பலகை. விலைக்கழிவு விற்பனை என்று நினைத்து உள்ளே போகக் காலெடுத்து வைத்துவிட்டேன். தம்பி விழுந்து விழுந்து சிரித்தான். வருமானத்தில் 51 வீதமோ அதற்கு மேலோ அங்கேயே இருந்து குடிக்கிற மதுவால் வருகிற இடமாம். அப்படியான இடத்துக்குள் துவக்கு கொண்டுபோகக் கூடாது என்பதற்கு அந்தப் பலகை. அதற்குப் பிறகு எந்தக் கடைக்குப் போனாலும் கதவைத்தான் முதலில் வாசித்தேன். சிலவற்றில் 30.06, 30.07 என்று இரண்டு அறிவித்தல். முன்னது மறைத்துக் கொண்டு வராதே என்கிறது, பின்னது தெரியக் கொண்டு வராதே என்கிறது. ஆங்கிலத்திலும் ஸ்பானிய மொழியிலும், ஒவ்வொரு எழுத்தும் ஓரங்குல உயரமாவது இருக்கவேண்டும் என்பதும் சட்டம். எங்கள் ஊரில் "நாய் கவனம்" என்று சோக்கட்டியால் எழுதி வைப்பதோடு முடிந்துவிடுகிறது.

பல்கலைக்கழகத்தைப் பற்றியும் கேட்பீர்கள். 2016 ஓகஸ்ற் 1 இலிருந்து ரெக்சாஸ் அரச பல்கலைக்கழகங்களில் லைசன் உள்ளவர் மறைத்துக் கொண்டுபோகலாம், தெரியக் கட்டக் கூடாது. 1966 இல் இதே திகதியில்தான் ஒஸ்ரின் பல்கலைக்கழகக் கோபுரத்தில் ஏறி ஒருவன் கீழே நின்ற மாணவர்களைச் சுட்டான். சரியாக ஐம்பது வருடம் கழித்து அந்த நாளிலேயே இந்தச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. ஆரும் திகதியைப் பார்க்கவில்லையோ, பார்த்தும் விட்டார்களோ.

இதெல்லாம் ரெக்சாஸ். "அமெரிக்காவில் சட்டம் இப்படி" என்று ஆராவது தொடங்கினால் எந்த மாநிலம் என்று கேளுங்கள். வேர்மொன்ற் மாநிலம் ஒருநாளும் லைசன் கேட்டதில்லை. நியூயோர்க்கிலும் இலினோயிலும் கைத்துவக்கைத் தெரியக் கட்டிக்கொண்டு போனால் கைவிலங்கு. கலிபோர்னியாவின் கதை இன்னும் ருசியானது. 1967 மே 2 ஆம் திகதி, கறுப்பின மக்களின் உரிமைக்காகப் போராடிய கறுப்புச் சிறுத்தைகள் கட்சிக்காரர் துவக்குகளோடு சக்ரமென்ரோ சட்டசபைக் கட்டடத்துக்குள் நடந்து போனார்கள். அதே வருடம், தோட்டா ஏற்றிய துவக்கைப் பொது இடத்தில் கொண்டுதிரியத் தடை போட்ட சட்டத்தில் ஆளுநர் ரேகன் கையெழுத்து வைத்தார். 2012 இல், தோட்டா ஏற்றாத கைத்துவக்கைத் தெரியக் கொண்டுதிரியவும் தடை வந்தது. 2022 இல் உயர் நீதிமன்றம், வீட்டுக்கு வெளியில் தற்காப்புக்குத் துவக்கு கொண்டுபோவது அரசியலமைப்பு தரும் உரிமை என்று நியூயோர்க் வழக்கொன்றில் தீர்ப்புச் சொன்னது. அதற்காக எல்லா மாநிலமும் தெரியக் கட்டவிட வேண்டும் என்று வந்துவிடவில்லை.

இனி உங்கள் மகன். மாநிலம் எதைச் சொன்னாலும் அதற்கு மேல் மத்திய அரசின் சட்டம் ஒன்று இருக்கிறது. குடியேற்றமல்லாத விசாவில் உள்ளே விடப்பட்டவர் துவக்கோ தோட்டாவோ வைத்திருக்கக் கூடாது. மாணவர் விசா, வேலை விசா எல்லாம் இதற்குள் அடங்கும். 2022 இலிருந்து இதற்கு 15 வருடம் வரை சிறை. விசா போய், நாடு கடத்தலும் பின்னால் வரும். நிரந்தர வதிவிட அட்டை உள்ளவருக்கு இந்தத் தடை இல்லை. என் தம்பி தொடலாம், உங்கள் மகன் தொடக் கூடாது.

"நான் வாங்கவில்லையே, சும்மா ஒருக்கால் சுட்டுப் பார்த்தேன்" என்று சொல்லித் தப்ப முடியாது. பழகுமிடத்தில் வாடகைக்கு எடுத்து ஐந்து நிமிடம் கையில் பிடித்தாலும் அது வைத்திருந்த கணக்குத்தான். அதைப் படம் எடுத்து முகநூலில் போடுகிற பெடியள் சாட்சியையும் தாங்களே எழுதிக் கொடுக்கிறார்கள். செல்லுபடியாகும் வேட்டை அனுமதிப்பத்திரம் இருந்தால் சட்டத்தில் ஒரு விலக்கு உண்டு. அதை ஒரு துண்டுக் காகிதம் மாதிரி வாங்கிச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு போகிறவர்களும் இருக்கிறார்கள். அங்கேயுள்ள குடிவரவுச் சட்டத்தரணியிடம் கேட்காமல் அந்த வழிக்குப் போகவேண்டாம் என்று சொல்லுங்கள்.

அறை விடயம்தான் எனக்குக் கூடுதல் யோசனை. நண்பனின் துவக்கு பொது மேசை லாச்சிக்குள் கிடந்தால், எடுக்கக்கூடிய இடத்தில் இருந்தது என்று உங்கள் மகன் மேலும் கதை திரும்பலாம். துவக்கு நண்பனின் சொந்தப் பெட்டிக்குள், திறப்பு நண்பனின் கையில் இருக்கட்டும். சம்மதிக்காவிட்டால் வேறு அறை பார்க்கட்டும். இந்தப் பந்தியை அப்படியே படம் பிடித்து அவனுக்கு அனுப்புங்கள்.

கேள்வி: வவுனியாவில் மாமாவுக்கு வயல் இருக்கிறது. காட்டுப்பன்றிக்காக லைசனோடு ஒரு சொட்கண் வைத்திருக்கிறார். அவருக்கு முழங்கால் வருத்தம். இராக்காவலுக்கு நீ மோட்டார் சைக்கிளில் கொண்டுபோ என்கிறார். லைசனையும் தருகிறாராம். கொண்டுபோகலாமா?
— ஒரு மருமகன், கொடிகாமம்

பதில்: வேண்டாம் தம்பி. அந்த லைசன் மாமாவின் பெயருக்கு. அதை நீங்கள் சட்டைப்பையில் வைத்திருந்தாலும் அவருடைய அடையாள அட்டையை வைத்திருக்கிற மாதிரித்தான். நம் நாட்டில் இதெல்லாம் 1916 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்கச் சுடுகலன்கள் கட்டளைச் சட்டத்தின் கீழ் நடக்கிறது. 1996 இல் திருத்தித் தண்டனைகளைக் கடுமையாக்கினார்கள். துவக்கு வைத்திருப்பது இங்கே உரிமை இல்லை. அரசு தருகிற, வருடா வருடம் புதுப்பிக்கிற அனுமதி. அனுமதி டிசம்பர் 31 உடன் முடியும். மாமா இந்த வருடம் புதுப்பித்தாரா என்றும் பாருங்கள். முழங்கால் வருத்தக்காரர் கச்சேரிக்கு (மாவட்டச் செயலகத்துக்கு) போவதைத் தள்ளிப்போட்டிருப்பார். உங்களுக்குக் காவல் வேலை என்றால் உங்கள் பெயரிலேயே விண்ணப்பியுங்கள். அதுவரைக்கும் காவலுக்கு டோர்ச், தகர டின், நாய்.

எதைச் சுடலாம், எதைச் சுடக் கூடாது என்பது வேறு சட்டம், 1937 இல் வந்த வனவிலங்கு, தாவரப் பாதுகாப்புச் சட்டம். பன்றி என்று நினைத்து வேறெதையாவது சுட்டால் துவக்கு லைசன் அங்கே கை கொடுக்காது. கம்பி தட்டுப்பட்டால் தானே வெடிக்கிற கட்டுத்துவக்கு, தீனுக்குள் மறைத்து வைக்கிற வாய்வெடி பக்கம் போகவே வேண்டாம். அது பன்றியையும் பக்கத்து வயல்காரரையும் பிரித்தறியாது.

எங்கள் வீட்டுக் கதை ஒன்று. அப்பாவிடமும் ஒற்றைக்குழல் ஒன்று இருந்தது. டிசம்பரில் அதைச் சாக்கில் சுற்றிச் சைக்கிள் பாரில் கட்டிக்கொண்டு, பழைய பூங்காவுக்குப் பக்கத்திலிருந்த பழைய கச்சேரிக்குப் போவார். எண்பதுகளின் நடுவில் ஒரு இரவு நாலைந்து இயக்கப் பெடியள் வந்து "ஐயா, அதைத் தாங்கோ" என்றார்கள். கொப்பித் தாளில் "ஒற்றைக்குழல் 1, தோட்டா 11, பெற்றுக்கொண்டோம்" என்று எழுதியும் தந்தார்கள். மறியலுக்குப் போகக் கூடாது என்று அப்பா காலமையே பொலிசுக்குப் போய் உண்மையைச் சொன்னார். நீதான் கொடுத்தாய் என்று பின்னேரம் வரை இருத்தி வைத்தார்கள். அந்தத் துண்டு பதினொரு வருடம் சாமியறையில் விபூதித் தட்டுக்குக் கீழே கிடந்து, 95 இடப்பெயர்வோடு போய்விட்டது. ஆகவே தம்பி, தோளில் துவக்கோடு ஆட்கள் தெருவில் திரிவது நமக்குப் புதினம் இல்லை. அவர்களில் ஒருத்தரிடமும் லைசன் கேட்க முடியவில்லை, அவ்வளவுதான்.

2024 நவம்பரில், தற்காப்புக்கென்று கொடுத்திருந்த துவக்குகளை மீளாய்வுக்காக ஒப்படைக்கும்படி பாதுகாப்பு அமைச்சு அறிவித்தது. அது பயிர்க்காவல் துவக்குகளுக்கு இல்லை. மாமா பதறவேண்டாம்.

கேள்வி: ரொறன்ரோவிலும் அமெரிக்கா மாதிரிக் கட்டிக்கொண்டு திரியலாமா?
— சாவகச்சேரி வாசகர்

பதில்: இல்லை. அங்கே துவக்கு வைத்திருக்கவே லைசன் வேண்டும். கைத்துவக்கைத் தெருவில் கொண்டுபோகத் தனி அனுமதி. பணம் ஏற்றுகிற வாகனக் காவலர் போன்ற சிலருக்குத்தான் அது கிடைக்கும். 2022 ஒக்ரோபர் 21 இலிருந்து தனியாட்கள் கைத்துவக்கு வாங்குவதையும் விற்பதையும் நிறுத்தியிருக்கிறார்கள்.

கேள்வி: லண்டனிலிருந்து வந்து நிற்கிறோம். நல்லூர்த் திருவிழாக் கடையில் ஆறு வயது மகன் அடம்பிடித்து ஒரு விளையாட்டுத் துவக்கு வாங்கினான். கறுப்பு நிறம், சத்தமும் லைற்றும் வரும், பார்த்தால் அசல்தான். பயணப் பெட்டிக்குள் வைக்கலாமா?
— நல்லூரடி விருந்தாளி

பதில்: கைப்பையில் வைத்தால் கட்டுநாயக்காவிலேயே பறித்துவிடுவார்கள். பெரிய பெட்டியில் வைத்தால் பிரச்சினை அந்தப் பக்கம். அசலைப் போலத் தெரிகிற போலித் துவக்கைப் பிரித்தானியாவுக்குள் கொண்டுவருவது 2006 சட்டப்படி குற்றம். தக்க காரணமில்லாமல் போலியைப் பொது இடத்தில் கொண்டுதிரிவதும் 1968 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 19 ஆம் பிரிவுக்குள் வரும். ஆறு வயதுப் பிள்ளையைப் பிடித்து உள்ளே போடமாட்டார்கள். ஆனால் பேருந்தில் ஆராவது பயந்து பொலிசை அழைத்தால், வருகிறவர்கள் உண்மையான துவக்கோடு வரக்கூடும். பளிச்சென்ற மஞ்சள், பச்சை, சிவப்பு நிறத்தில் இருந்தால் கதை வேறு. அந்தக் கடைக்காரரிடமே மாற்றிக் கேட்டுப் பாருங்கள், திருவிழா முடியுமட்டும் இருப்பார். மாற்றித் தராவிட்டால் அம்மம்மா வீட்டு அலுமாரியில் அடுத்த வரவு வரைக்கும் கிடக்கட்டும். பற்றரியை மட்டும் கழற்றி வையுங்கள், ஒழுகிப் பூத்துவிடும்.