ஊட்டியில் வாங்கி வந்த ஹைட்ரேஞ்சியாவும் மற்ற பூச்செடிகளும் கடலூரில் வாடிக்கொண்டே இருக்கின்றன. என் பராமரிப்பில் என்ன குறை? ஏசி அறையில் வைத்தால் பிழைக்குமா?

உங்கள் பராமரிப்பில் ஒரு குறையும் இல்லை. இதே ஊரில் இந்தப் பழியைப் பல வருஷம் சுமந்தவள் நான் என்பதால் இதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

நீங்கள் கோடை விடுமுறைக்குப் போயிருப்பீர்கள். பூங்கா வாசலிலோ மலைப்பாதை ஓரத்திலோ நீலப் பூ பந்து பந்தாகப் பூத்திருக்கும் தொட்டியைப் பார்த்து ஆசைப்பட்டிருப்பீர்கள். கடலூர் வரை மடியில் வைத்துக்கூடக் கொண்டு வந்திருப்பீர்கள். விற்றவரும் "நெழல்ல வெச்சு தண்ணி ஊத்துங்க, நல்லா வரும்" என்று சொல்லியிருப்பார். எங்கள் வீட்டில் நடந்தது அதுவேதான்.

நான் பிறந்து வளர்ந்தது குன்னூர். அப்பாவுக்குத் தேயிலைத் தோட்டத்தில் வேலை. கல்யாணமாகி வந்தது கடலூர் மஞ்சக்குப்பத்துக்கு. முதல் கோடையில் புகுந்த வீட்டார் எல்லோரும் ஊட்டிக்குப் போனோம். அத்தையும் நாத்தனாரும் ஹைட்ரேஞ்சியா, ஃபியூஷியா, அசேலியா என்று கைநிறைய வாங்கினார்கள். "அத்தை, இதெல்லாம் கீழ நிக்காது, வேண்டாம்" என்று அங்கேயே சொன்னேன். "மலைக்காரப் பொண்ணு நீ இருக்க, பாத்துக்க மாட்டியா?" என்றார்கள்.

ஃபியூஷியா கத்திரி வெயிலைத் தாண்டவில்லை. அசேலியா இலை மஞ்சளாகி உதிர்ந்தது. ஹைட்ரேஞ்சியா மட்டும் தீபாவளி வரை வெறும் இலையோடு இழுத்துக்கொண்டு கிடந்தது, ஒரு மொட்டுகூட வைக்கவில்லை. வீட்டு விசேஷத்துக்கு வந்த உறவுக்காரர்கள் முன்னால் அத்தை சொன்னார்கள்: "மலைக்காரின்னு பேருதான். கைராசி கெடையாது." பொங்கல் அன்று அந்த வீட்டு வாசலில் நான் நட்ட பவழமல்லி இன்றும் பூத்துக் கொட்டுகிறது. அதை யாரும் கணக்கில் சேர்க்கவில்லை.

வளைகாப்புக்கு அப்பா வந்திருந்தார். சாப்பிட்டுவிட்டு மாடிக்குப் போனவர் தொட்டி மண்ணில் கையை வைத்துப் பார்த்தார். இரவு பத்து மணி இருக்கும். கீழே வந்து அத்தையிடம் பொறுமையாகச் சொன்னார்: "சம்மந்தியம்மா, ராத்திரி ஆயும் மண்ணு சுடுது. அது குளிர்ல படுத்து எழுந்திரிக்கிற செடி. யாரு கையில குடுத்தாலும் இதான் ஆகும்." அத்தை பதில் பேசவில்லை. ஆனால் எனக்கு அது போதுமானதாக இருந்தது.

அப்பா சொன்னதில்தான் முழு விஷயமும் இருக்கிறது. எல்லோரும் பகல் வெயிலைப் பார்த்துப் பயந்து நிழல்வலை கட்டுகிறார்கள். செடியைக் கொல்வது பெரும்பாலும் நம் ஊர் இரவுதான். பகலில் இலை வெளிச்சத்தைக் கொண்டு சர்க்கரை சேர்க்கிறது. இரவில் அதில் ஒரு பகுதியைச் செலவழித்து உயிர் வாழ்கிறது. இரவு சூடாக இருக்க இருக்கச் செலவு ஏறும். மே மாதம் ஊட்டியில் பகல் 22, 23 டிகிரி, இரவு 12, 13. கடலூரில் இரவிலும் 26, 27க்குக் கீழே இறங்குவது அபூர்வம். மலைச்செடிக்கு அது கூலி முழுவதும் வட்டிக்கே போகிற குடும்பத்தின் நிலைமை. ஹைட்ரேஞ்சியாவுக்கு இன்னொரு கஷ்டமும் உண்டு. ஏறக்குறைய 18 டிகிரிக்குக் கீழே சில வாரங்கள் குளிர்ச்சி நீடித்தால்தான் அது மொட்டுக் கட்டும். நம்மிடம் மார்கழி, தையில்கூட இரவு 20, 21தான்.

மேலே ஏற ஏற ஆயிரம் மீட்டருக்கு ஏறக்குறைய 6.5 டிகிரி குறையும். ஊட்டி 2,240 மீட்டர், கணக்குப் போட்டுப் பாருங்கள். குன்னூரிலிருந்து மேட்டுப்பாளையம் இறங்கும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்தால் இது கண்ணிலேயே தெரியும். மேலே தேயிலை, பேரி, பிளம்ஸ். பர்லியாறு வந்ததும் பலா, பாக்கு, கிராம்பு, ஜாதிக்காய். ஒரே மலை, ஒரே பாதை, ஆனால் ஒவ்வொரு செடியும் தன் உயரத்தில் நிற்கிறது. பிளம்ஸ், பீச் மரங்களுக்குக் குளிர்காலத்தில் போதிய மணி நேரம் கடுங்குளிர் கிடைக்காவிட்டால் மொட்டு ஒழுங்காக விழிக்காது. அவற்றையும் கூவி விற்கிறார்கள் என்பதால் சொல்கிறேன், வாங்காதீர்கள்.

மலையில் செடி சொகுசாக வாழ்கிறது என்றும் நினைக்க வேண்டாம். டிசம்பர், ஜனவரியில் ஊட்டியில் உறைபனி விழும். தாவரவியல் பூங்காவில் நாற்றுகளைக் கோத்தகிரி மிலார் செடி வெட்டி வந்து மூடி வைப்பார்கள். விடியற்காலையில் புல்வெளிக்குத் தண்ணீர் தெளிப்பார்கள், இல்லாவிட்டால் வெயில் பட்டதும் கருகிவிடும். 1848இல் தொடங்கிய அந்தத் தோட்டத்திலேயே இத்தனை பாடு. திறந்த புல்வெளி மேட்டில் பனியும் காற்றும் மரக்கன்றை எழவிடாது. சோலை மரங்கள் மலை மடிப்புகளில், ஓடைக்கரையில் ஒதுங்கி நிற்கும். விதிவிலக்காகக் காட்டுப்பூவரசு மட்டும் மேட்டில் தனியாக நிற்கும். ரோடோடென்ட்ரான் என்பது அதைத்தான். தடித்த பட்டை, தோல் போன்ற இலை, ரத்தச் சிவப்பில் பூ. பனி, காற்று, புல்வெளித் தீ எல்லாவற்றையும் தாங்கும் அந்த மரத்தைத் தொட்டபெட்டாவில் பார்க்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு நிறையும். அதைக் கொண்டு வந்து நம் தேவனாம்பட்டினம் கடற்கரை உப்புக்காற்றில் வைத்தால் எப்படி?

மண்ணும் தண்ணீரும் அடுத்த பிரச்சினை. தேயிலை, அசேலியா, கமேலியா எல்லாம் புளிப்பு மண்ணில் வாழ்பவை. தேயிலைக்கு, மண்ணின் புளிப்பைக் காட்டும் பி.எச். அளவு 4.5 முதல் 5.5 வரை இருக்க வேண்டும். நீலகிரி மண் அப்படி இருப்பதால்தான் ஹைட்ரேஞ்சியா அலுமினியத்தை உறிஞ்சி நீலமாகப் பூக்கிறது. நம் தெருவில் பல வீட்டு போர் தண்ணீர் வாயில் வைக்க முடியாத உப்பு. நீங்கள் அக்கறையோடு தினமும் ஊற்ற ஊற்ற அந்த உப்பு தொட்டியில் சேர்ந்துகொண்டே போகும்.

ஏசி அறை உதவாது. 24 டிகிரி என்பது குன்னூர் இரவைவிடச் சூடு. வெளிச்சமும் போதாது, காற்றும் வறண்டது.

"பெங்களூரில் என் அண்ணன் வீட்டில் பூக்கிறதே" என்று யாராவது வருவார்கள். பெங்களூர் 900 மீட்டருக்கு மேலே இருக்கிறது. அதைக் கடலோரத்தோடு ஒப்பிடக் கூடாது. கடலூரிலேயே கிழக்கு நிழலில், மழைத்தண்ணீர் பிடித்து ஊற்றி ஹைட்ரேஞ்சியாவை உயிரோடு வைத்திருப்பவர்கள் இருக்கலாம், நான் மறுக்கவில்லை. பூத்தே வாங்கிய செடியில் அந்தப் பூ சில வாரம் நிற்கும், அதுவும் உண்மை. வருஷாவருஷம் பூக்குமா என்பதுதான் கேள்வி. நான் தாவரவியல் படித்தவள் இல்லை, ஆனால் இரண்டு உயரத்திலும் வாழ்ந்தவள்.

மனசில் இருப்பதையும் சொல்லிவிடுகிறேன். நான் பிறந்த வீட்டுக்குக் கிளம்பினால் போதும், உறவில் ஒவ்வொருவரும் ஒரு பட்டியல் தருவார்கள். வர்க்கி, தைலம், கேரட், கூடவே "அப்படியே காட்டுல இருந்து ஏதாவது ஆர்க்கிட் புடுங்கிட்டு வா." சோலையில் மரத்தின் மேல் பாசியோடு ஒட்டி வாழ்வதை எதற்குப் பிடுங்க வேண்டும்? 2018இல் குறிஞ்சி பூத்தபோது ஒரு கொத்தை ஒடித்துக்கொண்டு வந்து என்னிடமே பெருமையாகக் காட்டினார் ஒருவர். பன்னிரண்டு வருஷம் காத்திருந்து ஒரே முறை பூத்து, விதை விட்டுச் சாகிற செடி அது. அடுத்தது 2030. இப்போது அம்மாவைப் பார்க்கப் போகவும் காருக்கு இ-பாஸ் எடுக்க வேண்டியிருக்கிறது. கூட்டம் அப்படி, புரிகிறது. இருந்தாலும் சொந்த ஊருக்கு அனுமதி கேட்பது வலிக்கத்தான் செய்கிறது.

இனி உங்கள் செடிகள். ஹைட்ரேஞ்சியா மொட்டை மாடியில் இருந்தால் இறக்கி, காலை வெயில் மட்டும் படும் தரையில், மண்தொட்டியில் வையுங்கள். போர் தண்ணீரை நிறுத்துங்கள். பூவை எதிர்பார்க்காதீர்கள். ஃபியூஷியாவுக்குச் செலவு செய்ய வேண்டாம். குளிர்தேசப் பூதான் வேண்டும் என்றால் பெட்டூனியா, டயாந்தஸ் நாற்றுகளை மழை ஓய்ந்ததும் நட்டு, மாசி வரை பார்த்துவிட்டு விட்டுவிடுங்கள்.

ரோஜா இருந்தால் அதைக் கைவிட வேண்டாம். இங்கே தள்ளுவண்டியில் "ஊட்டி ரோஸ்" என்று வருவதில் பல, ஓசூர், ஆந்திராவின் கடியம் நாற்றங்கால் செடிகள்தான். மழை விட்டதும் கவாத்து செய்து மாட்டெரு வைத்தால் தையில் நன்றாகப் பூக்கும். சித்திரை, வைகாசியில் பூ சிறுத்து நிறம் வெளுக்கும், அப்போது உரம் போடாமல் தண்ணீர் மட்டும் விடுங்கள்.