'கன்சர்ட்டட்லி' என்ற சொல் குறித்து

ஐயா, வணக்கம். தைப்பூசக் காவடி விழாவுக்கான ஆங்கில நன்றிக் கடிதத்தில் 'தொண்டர்கள் கன்சர்ட்டட்லி (concertedly) உழைத்தனர்' என்று நீங்கள் எழுதியதைக் கண்டு, 'கச்சேரியா நடத்தினார்கள்?' என்று நண்பர் சிரித்ததாகக் குறிப்பிட்டிருந்தீர்கள். சொல் சரியானதே. மொரிஷியஸில் நம் காதுக்குப் பழகிய பிரெஞ்சு 'கோன்செர்ட்டே'யின் உறவான அது, பலர் முன்கூட்டியே கலந்து பேசி ஒரே நோக்கத்தோடு செயல்படுவதைக் குறிக்கும். ஒரே நேரத்தில் செய்வது மட்டும் போதாது: நால்வர் அவரவர் எண்ணப்படி பந்தலில் ஓடியாடினால் அது பொருந்தாது, யார் இலை போடுவது, யார் ஏழு கறி பரிமாறுவது என்று முதல் நாளே பேசிப் பிரித்துக்கொண்டிருந்தால் பொருந்தும். ஒருவர் தனியே முனைந்து உழைத்ததற்கும் இதன் பெயரடையான 'கன்சர்ட்டட்' என்பதைச் சிலர் இப்போது எழுதுகிறார்கள். எனக்கு அது உவப்பில்லை. வினையடை வடிவம் அரிது என்பதால், கடிதத்தில் 'கன்சர்ட்டட் எஃபர்ட்' என்று மாற்றிவிடுங்கள், படிப்பவர் தடுமாறமாட்டார்.