நியூசிலாந்துக்கென்று சொந்தப் பாலூட்டிகளே கிடையாதா?

உண்டு. ஆனால் தரையில் இன்று எஞ்சியிருப்பவை வௌவால்கள் மட்டுமே. மான், முயல், போசம் என்ற மரமேறும் பைப்பாலூட்டி எல்லாம் மனிதர் கொண்டுவந்தவை.

நீள்வால் வௌவால் சுமார் பத்து கிராம் எடைதான் இருக்கும். ஆண்டுக்கு ஒரே குட்டி. தேசியப் பட்டியலில் மிக மோசமான அபாய நிலையில் இருக்கிறது. 2021இல் 'ஆண்டின் பறவை' வாக்கெடுப்பில் வென்றது இந்த வௌவால்தான்! குறுவால் வௌவால் இறக்கையை மடித்துக்கொண்டு காட்டுத் தரையில் தவழ்ந்து இரை தேடும். எலிக்கும் பூனைக்கும் அது வசதியாகிவிடுகிறது. பெரிய குறுவால் வௌவால் 1967க்குப் பிறகு உறுதியாகக் காணப்படவில்லை. அதன் கடைசிப் புகலிடத் தீவில் 1960களில் கப்பல் எலிகள் நுழைந்திருந்தன.

பீச் (beech) என்ற காட்டு மரங்கள் ஏராளமாக விதை உதிர்க்கும் ஆண்டுகள்தான் ஆபத்து. விதை தின்று எலிகள் பெருகும், எலியைத் தின்று ஸ்டோட் என்ற சிறு ஊனுண்ணிகள் பெருகும். விதை தீர்ந்ததும் இரண்டும் வௌவால் தங்கும் மரப்பொந்துகளில் ஏறிவிடும். எனவே பொறியும் நச்சு இரையும் அந்த உச்சத்துக்கு முன்பே வைக்கப்பட வேண்டும். பிந்தினால் பயன் குறைவு.

கடலில் உரோமக் கடல்நாய்கள் (fur seal) எண்ணிக்கையில் தேறிவிட்டன. நியூசிலாந்துக் கடற்சிங்கம் அருகிவரும் இனம். வடதீவின் மேற்குக் கரையில் வாழும் மாவி ஓங்கில்களில் (டால்பின்) ஒரு வயதைக் கடந்தவை சுமார் 54தான். மீன்பிடிக்கும் செவுள் வலைகள் அவற்றுக்குப் பெரும் பகை.